கற்பனை உலகத்துக்கு நாட்காட்டி அமைப்பது எப்படி: மீதிக் கணக்கிலிருந்து மாதப் பெயர் வரை

கற்பனை உலகத்தில் நாவல் எழுதத் தொடங்குகிறவர்கள் முதலில் வரைபடம் போடுவார்கள். பிறகு அரச வம்சத்தை எழுதுவார்கள். ஒரு மாலையில் உட்கார்ந்து பன்னிரண்டு அழகான மாதப் பெயர்களை எழுதியதும் நாட்காட்டி முடிந்துவிட்டதாக நினைப்பார்கள். அது இடிப்பது இருபதாம் அத்தியாயத்தில்தான். அறுவடைத் திருவிழா அடைமழையில் வந்து நிற்கும். ஒரே வாரத்தில் இரண்டு பௌர்ணமி வந்துவிடும். இளவரசிக்குப் பதினாறு வயது என்று எழுதியிருப்பீர்கள், தேதிகளைக் கூட்டிப் பார்த்தால் பத்தொன்பது வரும்.

நாட்காட்டியின் உயிர் மீதியில் இருக்கிறது. ஆண்டை நாளால் வகுத்தாலும் நிலவின் சுற்றால் வகுத்தாலும் ஏதாவது மிஞ்சும். அந்த மிச்சத்தை உங்கள் உலகத்து மக்கள் எப்படிச் சமாளிக்கிறார்கள் என்பதுதான் நாட்காட்டி. அதை முதலில் முடிவு செய்துவிட்டால் பெயர், திருவிழா, சந்தை நாள் எல்லாம் தானாக இடம் பிடித்துக்கொள்ளும். கீழே முதலிலிருந்து கடைசி வரை ‘மாதிரி உலகம்’ ஒன்றை மட்டுமே வைத்துக் கணக்குப் போட்டிருக்கிறது. எண்களை மாற்றிக்கொண்டால் உங்கள் உலகத்துக்கும் அதே வழி பொருந்தும்.

1. தொடங்கும் முன்: தாள்கள், செலவு, நேரம்

ஐந்து தாள்கள் வேண்டும். அவற்றைத் தனித்தனியாக வைத்துக்கொள்ளுங்கள், ஒன்றில் இன்னொன்றைக் கலக்காதீர்கள்.

வானத் தாள்: ஆண்டு, நிலவு, பகலிரவு பற்றிய எண்கள் மட்டும்.
விதித் தாள்: மாதம் எத்தனை நாள், மிகுநாள் (சில ஆண்டில் மட்டும் கூடுதலாகச் சேர்க்கும் நாள்) எப்போது, நாள் எப்போது பிறக்கிறது.
அகர்கணத் தாள்: ஒவ்வொரு தேதியையும் ஒரே நாள் எண்ணாக மாற்றும் அட்டவணை.
நிகழ்வுத் தாள்: கதையில் நடப்பவை, பிறப்பு, இறப்பு, போர், பயணம்.
பெயர்த் தாள்: மாதம், கிழமை, திருநாள் பெயர்கள்.

பணச் செலவு இல்லை. லிப்ரே ஆஃபீஸ் கால்க் இலவசம், கூகுள் ஷீட்ஸும் போதும். நாட்காட்டி செய்து தரும் இணையக் கருவிகள் பல உண்டு, சில மாதச் சந்தா கேட்கும். முதல் நாட்காட்டிக்குப் பணம் கட்ட வேண்டாம். கருவி எதை உள்ளே செய்கிறது என்று தெரியாமல் பயன்படுத்தினால், பிழை வரும்போது எங்கே கை வைப்பது என்று தெரியாது.

நேரம்: வானத் தாளும் விதித் தாளும் ஒரு மாலை. அகர்கணத் தாளுக்கும் சோதனைக்கும் இரண்டு மாலை ஒதுக்குங்கள், அங்கேதான் நேரம் பிடிக்கும். நிகழ்வுகளை ஏற்ற ஒரு மாலை. பெயர்களுக்குக் கால வரம்பு வைக்காதீர்கள், அவை மெதுவாக வரட்டும்.

2. மூன்று எண்களை எழுதுங்கள்

வானத் தாளில் முதல் மூன்று வரிகள் இவை. ஒரு நாள் எவ்வளவு நேரம். ஓர் ஆண்டுக்கு எத்தனை நாள். பௌர்ணமியிலிருந்து பௌர்ணமிக்கு எத்தனை நாள். பூமிக்கு அவை 24 மணி, 365.2422 நாள், 29.5306 நாள்.

நம் மாதிரி உலகத்துக்கு: நாள் 24 மணி, ஆண்டு 340.28 நாள், நிலவு மாதம் 27.4 நாள்.

முழு எண்களைத் தேர்ந்தெடுக்காதீர்கள். 360 நாள் ஆண்டு, 30 நாள் நிலவு என்று வைத்தால் எல்லாம் கச்சிதமாக வகுபடும். ஆனால் மிகுநாள் இருக்காது, திருவிழாவின் தேதி நகராது, பஞ்சாங்கக்காரருக்கு வேலை இருக்காது. அந்த உலகத்தில் காலத்தைக் கணிக்கும் அதிகாரம் யாரிடம் இருக்கிறது என்ற கேள்வியே எழாது. கடவுள்கள் கணக்காகப் படைத்த உலகம் என்று சொல்ல விரும்பினால் மட்டும் அப்படி வையுங்கள்.

இரண்டு இடங்களில் தவறு நடக்கும். நிலவு விண்மீன்களுக்கு எதிரே ஒரு சுற்று முடிக்கும் காலமும், பௌர்ணமிக்குப் பௌர்ணமி ஆகும் காலமும் வேறு வேறு. பூமியில் முதலாவது 27.32 நாள், இரண்டாவது 29.53. நாட்காட்டிக்கு இரண்டாவதுதான் வேண்டும். நம் மாதிரி உலகத்தில் 27.4 என்பது பௌர்ணமிக் கணக்கு, விண்மீன் கணக்கில் அதுவே 25.36 நாள் வரும். அடுத்தது ஆண்டு. பருவங்கள் திரும்பி வரும் காலமும், சூரியன் அதே விண்மீனுக்கு வரும் காலமும் சற்றே வேறுபடும். நம் தமிழ் ஆண்டு விண்மீனைப் பின்பற்றுவது. சூரிய சித்தாந்தம் என்ற பழைய வானியல் நூலின் கணக்கில் அது 365.2588 நாள். பருவ ஆண்டோடு ஒப்பிட்டால் சுமார் 60 ஆண்டுக்கு ஒரு நாள் என்ற வேகத்தில் சித்திரை முதல் தேதி பருவத்தை விட்டு விலகுகிறது. உங்கள் பூசாரிகள் விண்மீனையும் உழவர்கள் பருவத்தையும் பின்பற்றினால் ஆயிரம் ஆண்டில் இருவருக்கும் பெரிய இடைவெளி விழுந்துவிடும். வேண்டுமென்று வைத்தால் நல்ல சிக்கல். தெரியாமல் வந்தால் பிழை.

வயதையும் இந்த இடத்திலேயே கணக்கிட்டுவிடுங்கள். 340.28-ஐ 365.2422-ஆல் வகுத்தால் 0.9317. அங்கே 20 வயது என்றால் நம் கணக்கில் 18.6. அங்கே 60 வயதுக் கிழவர் நம் கணக்கில் 56-ஐக்கூட எட்டாதவர். நாள் 30 மணி நேரம் என்று வைத்தால் இந்த எண் எங்கோ போய்விடும். மணிகளையும் சேர்த்தே பெருக்குங்கள்.

3. மீதியைப் பங்கிடுங்கள்

ஆண்டு 340.28 நாள். மக்கள் 340 நாளைத்தான் ஆண்டாக எண்ண முடியும். ஆண்டுக்கு 0.28 நாள் மிஞ்சுகிறது. எத்தனை ஆண்டில் எத்தனை மிகுநாள் சேர்ப்பது?

0.28-ஐ 1, 2, 3 என்று பெருக்கிக்கொண்டே போய், முழு எண்ணுக்கு அருகில் வரும் இடங்களைக் குறித்துக்கொள்ளுங்கள்.

4 ஆண்டில் 1.12. அதாவது நாலுக்கு ஒன்று, 33 ஆண்டில் ஒரு நாள் பிழை.
7 ஆண்டில் 1.96. ஏழுக்கு இரண்டு, 175 ஆண்டில் ஒரு நாள் பிழை.
18 ஆண்டில் 5.04. பதினெட்டுக்கு ஐந்து, 450 ஆண்டில் ஒரு நாள் பிழை.
25 ஆண்டில் 7.00. பிழையே இல்லை.

புதிதாக எழுதுகிறவர்கள் உடனே கடைசி வரிக்குப் பாய்வார்கள். அப்படிச் செய்யாதீர்கள். உங்கள் மக்களால் எவ்வளவு துல்லியமாக அளக்க முடியும் என்று கேளுங்கள். நிழல் கோலை மட்டும் வைத்திருக்கும் ஊர் நாலுக்கு ஒன்றில் நின்றுவிடும். தலைமுறை தலைமுறையாகக் குறிப்பு எழுதும் கோயில் ஏழுக்கு இரண்டைக் கண்டுபிடிக்கும். மாதிரி உலகத்துக்கு ஏழுக்கு இரண்டு என்றே வைத்துக்கொள்வோம். ஏழாண்டுச் சுற்றில் 4-ஆம் ஆண்டும் 7-ஆம் ஆண்டும் மிகுநாள் ஆண்டுகள். ஒரு சுற்றுக்கு 2,382 நாள்.

175 ஆண்டுக்கு ஒரு நாள் என்பதையும் விதித் தாளில் எழுதிவையுங்கள். கதை 1047-ஆம் ஆண்டில் நடந்தால், தொடக்கத்தில் குறித்த சமபகலிரவு நாளிலிருந்து வானம் சுமார் 6 நாள் முந்தியிருக்கும். ஒரு கோயில் வாசலில் அந்த நாளில் மட்டும் சூரிய ஒளி கருவறைக்குள் விழுமாறு கட்டியிருந்தால், இன்று திருநாளன்று ஒளி விழாது, ஆறு நாள் முன்பே விழுந்து முடிந்திருக்கும். இதைக் கவனிக்கும் கதைமாந்தர் யார் என்று யோசியுங்கள்.

பிழையைச் சரிசெய்யும் சீர்திருத்தத்தையும் கதையில் வைக்கலாம். ஐரோப்பாவின் சில நாடுகளில் 1582 அக்டோபர் 4-க்கு மறுநாள் அக்டோபர் 15 ஆனது. பிரிட்டன் அதை ஏற்றது 1752-இல்தான், அங்கே செப்டம்பர் 2-க்கு மறுநாள் 14. இடைப்பட்ட 170 ஆண்டுகளில் இரு கரைகளுக்கும் இடையே போன கடிதங்களின் தேதிகள் ஒத்துப்போகவில்லை. உங்கள் உலகத்திலும் இரண்டு நாடுகள் இருந்தால் ஒன்று சீர்திருத்தத்தை ஏற்காமல் இருப்பதே இயல்பு.

4. மாதங்களை வெட்டுங்கள்

340-ஐப் பன்னிரண்டால் வகுத்தால் 28, மீதி 4. எனவே 28 நாளில் பன்னிரண்டு மாதம், ஒவ்வொரு மூன்று மாதத்துக்கும் பிறகு மாதக் கணக்கில் சேராத ஒரு பருவ நாள். மிகுநாள் ஆண்டில் கடைசிப் பருவ நாளுக்கு மறுநாளாக ஐந்தாவது ஒன்று. எத்தியோப்பியாவில் இன்றும் 30 நாளில் 12 மாதமும் முடிவில் 5 அல்லது 6 நாள் கொண்ட குட்டி மாதமும் இருக்கின்றன. எனவே இது செயற்கையாகத் தோன்றுமோ என்று தயங்க வேண்டாம்.

மாதங்கள் எல்லாம் சமமாக இருக்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. நம் ஆனி 32 நாள் வரை நீளும், மார்கழி 29-இல் முடிந்துவிடும். சூரியன் ஒரு ராசியைக் கடக்கும் காலமே மாதம் என்பதால் வரும் வேறுபாடு அது. பூமி ஜனவரித் தொடக்கத்தில் சூரியனுக்கு மிக அருகில் வேகமாக ஓடுகிறது, ஜூலையில் மெதுவாக. அப்படி ஒரு நாட்காட்டி வேண்டுமென்றால் அடுத்தடுத்த படிகளில் கணக்கு இரட்டிப்பாகும். முதல் முயற்சிக்கு வேண்டாம்.

28 நாள் மாதத்தில் இன்னொரு பயனும் கிடைக்கிறது. கருக்காலம் பூமிக் கணக்கில் 280 நாள். அங்கே அது ஏறக்குறையப் பத்து மாதம். பத்து மாதம் சுமந்தவள் என்று நம் வழக்குப்படியே உங்கள் பாத்திரம் பேசலாம்.

5. நிலவைக் கட்டுங்கள்

நிலவு மாதம் 27.4 நாள். பாதி நாளை எண்ண முடியாது. ஐந்து மாதத்துக்கு 27.4-ஐப் பெருக்கினால் 137. எனவே 27, 28, 27, 28, 27 என்று திரும்பத் திரும்பப் போனால் கணக்கு நிற்கும்.

பன்னிரண்டு நிலவு மாதம் 328.8 நாள். ஆண்டைவிட 11.5 நாள் குறைவு. எனவே ஒரு பௌர்ணமி அடுத்த ஆண்டு பதினொன்று, பன்னிரண்டு நாள் முன்னால் வரும். ரமலான் ஆண்டுதோறும் சுமார் 11 நாள் முன்னால் நகர்வதும் இதே காரணத்தால்தான். நகரட்டும் என்று விட்டுவிடலாம். அல்லது அவ்வப்போது ஒரு மிகுமாதம் சேர்த்துப் பருவத்தோடு கட்டலாம். கட்டுவதாக இருந்தால் பழைய வழிதான்: 340.28-ஐ 27.4-ஆல் வகுத்தால் 12.419. அந்த 0.419-ஐப் பெருக்கிக்கொண்டே போங்கள். 12 ஆண்டில் 5.03, 31 ஆண்டில் 12.99. பூமியில் இதற்கு இணையானது 19 ஆண்டுக்கு 7 மிகுமாதம் என்ற புகழ்பெற்ற சுற்று, அதில் பிழை 19 ஆண்டுக்கு இரண்டு மணி நேரம்தான்.

மாதிரி உலகத்துக் கோயில் 12 ஆண்டுக்கு 5 மிகுமாதம் என்று வைத்திருக்கட்டும். 149 நிலவு மாதம் 4,082.6 நாள், 12 ஆண்டு 4,083.36 நாள். நிலவுக் கணக்கு சுற்றுக்கு 0.76 நாள் முந்துகிறது. 300 ஆண்டில் 19 நாள்.

நகரும் திருநாள்களுக்கு விதி எழுதும்போது ‘பத்தாம் மாதம் பிறந்தபின் வரும் முதல் பௌர்ணமி’ என்ற வடிவத்தில் எழுதுங்கள். தேதியாக எழுதாதீர்கள். நம் தீபாவளி அக்டோபர் நடுவிலிருந்து நவம்பர் நடு வரை அலைவது இப்படிப்பட்ட விதியால்தான்.

இனி நிலவை வானத்தில் எங்கே காட்டுவது என்ற சிறு அட்டவணை. இதை அச்செடுத்துச் சுவரில் ஒட்டிவையுங்கள், நாவலாசிரியர்கள் அதிகம் சறுக்கும் இடம் இதுதான்.

நிலவின் வயது (அமாவாசையிலிருந்து கழிந்த நாள்) 0: அமாவாசை, சூரியனோடு எழுந்து சூரியனோடு மறையும். சூரிய கிரகணம் இன்றுதான் நிகழ முடியும்.
வயது 3: மேற்கே, அந்தி சாய்ந்ததும் மெல்லிய பிறை, சிறிது நேரத்தில் மறைந்துவிடும்.
வயது 6.85: பாதி நிலவு. அந்தியில் உச்சியில், நள்ளிரவில் மறையும்.
வயது 13.7: பௌர்ணமி. சூரியன் மறையும்போது எழும். சந்திர கிரகணம் இன்றுதான்.
வயது 20.55: தேய்ந்த பாதி. நள்ளிரவில்தான் எழும்.
வயது 24-க்கு மேல்: விடியலுக்கு முன் கிழக்கே மெல்லிய கீற்று.

நள்ளிரவில் தலைக்கு மேலே மூன்றாம் பிறை என்று எழுதினால் நிலவைப் பார்த்து வளர்ந்த எந்த வாசகரும் புத்தகத்தை மூடிவிடுவார்.

இரண்டு நிலவு வைக்க ஆசையா? இரண்டாவதற்கு 11 நாள் என்று வைத்துப் பாருங்கள். பெரிய நிலவின் இரண்டு சுற்று 54.8 நாள், சிறியதன் ஐந்து சுற்று 55 நாள். ஒருமுறை இரண்டும் சேர்ந்து பௌர்ணமியானால், 55 நாள் கழித்துக் கிட்டத்தட்ட அதே காட்சி திரும்பும், ஒவ்வொரு முறையும் 0.2 நாள் நழுவும். ‘ஆயிரம் ஆண்டுக்கு ஒருமுறை வரும் இரட்டைப் பௌர்ணமி’ என்று அறிவிக்கும் முன் இந்தப் பெருக்கலைப் போடுங்கள்.

6. வாரத்தைச் சந்தையிலிருந்து எடுங்கள்

28-ஐப் பார்த்ததும் ஏழு நாள் வாரம் வைக்கத் தோன்றும். அப்போது எல்லா மாதத்திலும் 15-ஆம் தேதி ஒரே கிழமையில் வரும், பருவ நாள்களைக் கிழமைக் கணக்கிலிருந்து விட்டுவிட வேண்டியிருக்கும். வாரம் ஒருபோதும் அறுபடக் கூடாது என்று நம்பும் சமயம் இருந்தால் அது ஒப்புக்கொள்ளாது. இருபதாம் நூற்றாண்டில் கிழமையில்லாத நாளை முன்வைத்த உலக நாட்காட்டித் திட்டங்களை ஓய்வு நாள் கடைப்பிடிக்கும் சமயத்தார் கடுமையாக எதிர்த்தார்கள். வாரத்தின் நீளத்தையும் மனம்போனபடி நீட்ட முடியாது. பிரெஞ்சுப் புரட்சி நாட்காட்டி வாரத்தைப் பத்து நாளாக்கியது. உழைப்பவர்களுக்கு ஏழு நாளில் ஒருமுறை கிடைத்த ஓய்வு பத்து நாளுக்கு ஒருமுறையானது. அந்த வாரம் மக்களிடம் நிலைக்கவில்லை. நாட்காட்டி முழுவதுமே 1805 முடிவோடு கைவிடப்பட்டது.

நல்ல வழி, நகரத்தைச் சுற்றி எத்தனை சந்தை ஊர்கள் என்று எண்ணுவது. சேலத்தில் செவ்வாய்ப்பேட்டை, குமரி மாவட்டத்தில் திங்கள்சந்தை என்று கிழமையே ஊர்ப்பெயராக நிற்பதைப் பாருங்கள். ஜாவாவில் ஐந்து நாள் சந்தை வாரமும் ஏழு நாள் வாரமும் ஒன்றாக ஓடி 35 நாளுக்கு ஒருமுறை சந்திக்கின்றன. மாதிரி உலகத்தில் ஐந்து ஊர்ச் சந்தை, ஒரு நாள் ஓய்வு, ஆக ஆறு நாள் வாரம், பருவ நாளிலும் அறுபடாமல் ஓடுகிறது. ஆண்டுக்கு நாலு கிழமை நகரும், மிகுநாள் ஆண்டில் ஐந்து.

7. நாள் பிறக்கும் நேரமும் ஆண்டு எண்ணும்

நாள் எப்போது பிறக்கிறது? நம் பஞ்சாங்கத்தில் சூரிய உதயத்தில், இஸ்லாமிய, யூத நாட்காட்டிகளில் சூரியன் மறையும்போது, அலுவலகக் கணக்கில் நள்ளிரவில். இரவில் நடக்கும் கொலையின் தேதி இதைப் பொறுத்து மாறும். ஒன்றைத் தேர்ந்தெடுத்து விதித் தாளின் முதல் வரியாக எழுதுங்கள்.

ஆண்டு எண்ணுக்கு மூன்று வழிகள் உண்டு. தொடர் ஆண்டு எளிது. அரசரின் ஆட்சியாண்டு கதைக்கு அழகு, ஆனால் கூட்டும்போது ஏமாற்றும்: தந்தையின் 14-ஆம் ஆட்சியாண்டும் மகனின் முதல் ஆட்சியாண்டும் ஒரே ஆண்டாக இருக்கலாம். எல்லா அரசர்களின் ஆண்டுகளையும் அப்படியே கூட்டினால் வம்சம் முழுவதற்கும் பல ஆண்டு கூடுதலாக வரும். மூன்றாவது வழி, நம் அறுபது ஆண்டுச் சுற்றைப் போலத் திரும்பத் திரும்ப வரும் பெயர்கள். விசுவாவசு என்று மட்டும் தேதியிட்ட ஓலை 1965-ஆ, 2025-ஆ என்று சொல்ல முடியாது. புதையல், பழைய சாசனம், வாரிசுரிமை வழக்கு எதுவானாலும் இந்த ஐயத்தை வைத்து ஒரு முழு நாவல் எழுதலாம்.

வரி வசூலுக்கு வேறு ஆண்டும் இருக்கலாம். தமிழ்நாட்டு வருவாய்த்துறை இன்றும் ஜூலை 1-இல் தொடங்கும் பசலி ஆண்டில்தான் கணக்கு வைக்கிறது. ஒரே ஊரில் கோயிலுக்கு ஓர் ஆண்டு, வரிக்கு ஓர் ஆண்டு என்றிருப்பது முற்றிலும் இயல்பு. ஆனால் இரண்டுக்கு மேல் போகாதீர்கள். வாசகர் தாங்கமாட்டார்.

8. அகர்கணத் தாள்

பஞ்சாங்கக் கணிதத்தில் கலியுகத் தொடக்கத்திலிருந்து இன்று வரை கழிந்த நாள்களை அகர்கணம் என்பார்கள். வானியலாளர்கள் ஜூலியன் நாள் எண்ணை இதே வேலைக்கு வைத்திருக்கிறார்கள். 2000 ஜனவரி 1 நண்பகல் அதில் 2,451,545. தேதிகளை நேரடியாகக் கழிக்காமல் நாள் எண்களைக் கழித்தால் மாதம், மிகுநாள் எதுவும் குறுக்கே வராது. இந்த ஒரு தாளைச் சரியாகச் செய்துவிட்டால் மீதிப் பிழைகளைப் பிறகு திருத்திக்கொள்ளலாம்.

மாதிரி உலகத்தில் 1047-ஆம் ஆண்டு 8-ஆம் மாதம் 15-ஆம் தேதியை எடுத்துக்கொள்வோம்.

அ) கழிந்த ஆண்டு 1046. ஏழால் வகுத்தால் 149 சுற்று, மீதி 3.
ஆ) 149 × 2,382 = 354,918.
இ) மீதி 3 × 340 = 1,020. மீதி 4-ஓ அதற்கு மேலோ என்றால் 1 கூட்ட வேண்டும், இங்கே தேவையில்லை. இதுவரை 355,938.
ஈ) கழிந்த மாதம் 7 × 28 = 196. கடந்த பருவ நாள் 2. தேதி 15. ஆக 213.
உ) நாள் எண் 356,151.

கிழமை: 356,151-ஐ ஆறால் வகுத்தால் மீதி 3, மூன்றாம் கிழமை. மீதி 0 வந்தால் ஆறாம் கிழமை என்று கொள்ளுங்கள்.

நிலவு: வானத் தாளில் ஏதாவது ஓர் அமாவாசையை நாட்டிவைக்க வேண்டும், நாள் எண் 9-இல் அமாவாசை என்று வைத்துக்கொள்வோம். 356,151-இல் 9 போக 356,142. அதை 27.4-ஆல் வகுத்தால் மீதி 24.2. மேலே உள்ள அட்டவணையைப் பாருங்கள்: விடியலுக்கு முன் கிழக்கே கீற்று மட்டும்.

இப்போது கதைக்கு வாருங்கள். அந்த இரவின் முதல் சாமத்தில் உங்கள் ஒற்றன் நிலவொளியில் கோட்டை மதிலேறுகிறான் என்றால், அது நடக்காது. காட்சியை விடியற்காலைக்கு மாற்றலாம், அல்லது இருட்டிலேயே ஏற விடலாம். நிலவொளி வேண்டும் என்றால் பத்து நாள் முன்னால், அதே மாதம் 4 அல்லது 5-ஆம் தேதிக்கு நகர்த்துங்கள். முடிவு உங்களுடையது, ஆனால் தெரிந்து எடுத்த முடிவாக இருக்கும்.

அட்டவணை மென்பொருளில் செய்யும்போது சில எச்சரிக்கைகள். தேதி வடிவக் கலத்தைத் தொடவே வேண்டாம். எக்செல் 1900-க்கு முந்தைய தேதியை ஏற்காது, 1900-ஐயே மிகுநாள் ஆண்டு என்று தவறாக நினைக்கும். 8-15 என்று தட்டினால் ஆகஸ்ட் 15 ஆக்கிவிடும். ஆண்டு, மாதம், தேதி மூன்றுக்கும் தனித்தனி நெடுவரிசை போட்டு எண் வடிவத்தில் வையுங்கள். வகுத்தலுக்கு இன்ட் (INT), மீதிக்கு மாட் (MOD) ஃபங்ஷன்களைப் பயன்படுத்தினால் தொடக்க ஆண்டுக்கு முந்தைய தேதிகளுக்கும் சரியாக வரும். சி, ஜாவாஸ்கிரிப்ட் மொழிகளில் நிரல் எழுதுகிறவர்களுக்கு அப்படி வராது, அங்கே எதிர்ம எண்ணின் மீதி எதிர்மமாகவே வரும், வகுத்த எண்ணைக் கூட்டி மீண்டும் மீதி எடுக்க வேண்டும்.

9. சோதனை

நிகழ்வுகளை ஏற்றும் முன் இந்த விடைகள் வருகின்றனவா என்று பாருங்கள். 1-ஆம் ஆண்டின் முதல் நாள்: 1. 4-ஆம் ஆண்டின் கடைசி நாள்: 1,361. 5-ஆம் ஆண்டின் முதல் நாள்: 1,362. 8-ஆம் ஆண்டின் முதல் நாள்: 2,383. முதலாண்டுக்கு முந்தைய நாள்: 0. ஐந்தில் ஒன்று பிசகினாலும் தொடராதீர்கள். வழக்கமாகப் பிசகுவது இரண்டு இடங்களில்: கழிந்த ஆண்டுக்குப் பதில் நடப்பு ஆண்டைப் போடுவது, பருவ நாள்களை எண்ணாமல் விடுவது. பருவ நாள்களுக்கு மாத எண் கிடையாது, எனவே தாளில் அவற்றை 3, 6, 9, 12-ஆம் மாதங்களின் 29-ஆம் தேதியாகவும் மிகுநாளை 12-ஆம் மாதத்தின் 30-ஆம் தேதியாகவும் ஏற்றுங்கள்.

10. நிகழ்வுத் தாள்

ஒவ்வொரு வரியிலும் நாள் எண், தேதி, கிழமை, நிலவின் வயது, நிகழ்வு, அத்தியாயம் என்று ஆறு நெடுவரிசை. நாள் எண் படி வரிசைப்படுத்துங்கள். பிறந்த நாள் எண்ணை வைத்து வயதையும் சூத்திரமாகவே எடுங்கள், கையால் எழுதாதீர்கள். கடிதம் போகும் நாள், படை நகரும் நாள், காயம் ஆறும் நாள் இவற்றைத் தனி வரிகளாக ஏற்றினால், தூதுவன் கிளம்பும் முன்பே செய்தி போய்ச் சேர்ந்துவிட்ட இடங்கள் உடனே கண்ணில் படும். கதை பாதியில் இருக்கும்போது விதியை மாற்றாதீர்கள். மாற்றித்தான் ஆக வேண்டுமென்றால் பழைய கோப்பைத் தேதியிட்டு நகலெடுத்துவிட்டு மாற்றுங்கள்.

11. பெயர்கள், கடைசியாக

இப்போது எந்த மாதத்தில் காற்று திரும்புகிறது, எதில் உப்பு விளைகிறது, எதில் மீன் கரைக்கு வருகிறது என்று உங்களுக்குத் தெரியும். பெயர் அதிலிருந்து வரட்டும். பன்னிரண்டும் ஒரே அச்சில் இருக்க வேண்டாம். சில தொழிலின் பெயர், சில தெய்வத்தின் பெயர், ஒன்றிரண்டு பொருள் மறந்துபோன பழஞ்சொல் என்று கலந்திருந்தால்தான் பல காலம் மனிதர் வாயில் புழங்கிய பெயர்களாகத் தோன்றும். தமிழ் மாதப் பெயர்களில் ஓர் எழுத்தை மாற்றிப் போடுவது வேண்டாம். வாசகர் காதில் பழைய பெயரே ஒலித்து, அந்த மாதத்தின் பருவத்தையும் கூடவே இழுத்து வரும்.

மக்கள் தேதி சொல்லிப் பேசுவது குறைவு. ஆடிக் கடைசியில், பொங்கலுக்கு மறுநாள், நாற்று நட்ட கையோடு, சின்னவன் பிறந்த வருஷம் என்றுதான் பேசுவார்கள். ‘ஆடிப் பட்டம் தேடி விதை’, ‘தை பிறந்தால் வழி பிறக்கும்’ போல உங்கள் மாதங்களுக்கும் மூன்று நாலு சொலவடை எழுதிப் பெயர்த் தாளில் வையுங்கள். முதல் அத்தியாயத்தில் இரண்டு புதிய காலப் பெயர்களுக்கு மேல் வேண்டாம். பெயர் முதன்முதலாக வரும் வரியிலேயே வெயிலோ பனியோ வயலின் நிலையோ கூட வரட்டும். அடிக்குறிப்பும் பின்னிணைப்பும் போட நினைத்தால் அகர்கணத் தாளைப் போடாதீர்கள், ஓராண்டு மாத அட்டவணை ஒரு பக்கம் போதும். அந்தப் பக்கத்தை அச்சுக்கு அனுப்பும் முன் நிகழ்வுத் தாளோடு ஒருமுறை ஒத்துப் பாருங்கள், பருவ நாள்கள் விடுபடுவது பெரும்பாலும் அந்தப் பக்கத்தில்தான்.